யுடோரா வெல்ட்டி

யுடோரா ஆலிஸ் வெல்ட்டி (1909–2001) அமெரிக்காவின் மிசிசிப்பி மாநிலத்தைச் சேர்ந்த நாவலாசிரியர், சிறுகதை எழுத்தாளர், புகைப்படக் கலைஞர். 1973இல் புலிட்சர் பரிசு பெற்றவர். உலகம் அவரை எழுத்தாளராகவே அறியும். ஆனால் 1936ஆம் ஆண்டின் வசந்தத்தில் நியூயார்க் நகரின் ஒரு சிறிய கூடத்தில் அவருடைய புகைப்படங்கள் காட்சிக்கு வைக்கப்பட்டன. அதே ஆண்டில்தான் அவருடைய முதல் சிறுகதையும் அச்சேறியது. இரண்டு கலைகளும் ஒரே வீட்டில், ஒரே காலத்தில் வளர்ந்தவை. படங்களை ஒதுக்கிவிட்டு வெல்ட்டியின் கதைகளைப் பற்றி மட்டும் பேசினால் பாதிதான் சொன்னதாகும்.

1909 ஏப்ரல் 13 அன்று ஜாக்சன் நகரில் பிறந்தார். தந்தை கிறிஸ்டியன் வெல்ட்டி ஒஹாயோவிலிருந்து வந்தவர். லாமர் ஆயுள் காப்பீட்டு நிறுவனத்தில் உயர் பொறுப்பில் இருந்தார். கருவிகள் என்றால் அவருக்கு உயிர். தொலைநோக்கி, பூதக்கண்ணாடி, பண்டிகைக்கும் பயணத்துக்கும் வெளியே எடுக்கப்படும் மடக்குக் கோடக் கேமரா எல்லாம் வீட்டில் இருந்தன. தாய் செஸ்டினா மேற்கு வர்ஜீனியாவில் ஆசிரியையாக இருந்தவர், புத்தகப் பித்து கொண்டவர். ஒருமுறை வீடு தீப்பிடித்தபோது, ஊன்றுகோலோடு இருந்த நிலையிலும் உள்ளே ஓடி, தன் டிக்கன்ஸ் தொகுதிகளை ஜன்னல் வழியாக வெளியே வீசிக் காப்பாற்றினார். தந்தையிடமிருந்து லென்ஸும் தாயிடமிருந்து புத்தகமும் மகளுக்கு வந்து சேர்ந்தன.

விஸ்கான்சின் பல்கலைக்கழகத்தில் 1929இல் பட்டம் பெற்று, நியூயார்க்கின் கொலம்பியா பல்கலைக்கழகத்தில் விளம்பரத் துறை படித்தார். பொருளாதார மந்தம் கழுத்தை நெரித்த காலம், வேலை கிடைக்கவில்லை. 1931இல் தந்தைக்கு ரத்தப் புற்றுநோய் முற்றியது. தாயின் உடலிலிருந்து குழாய் வழியாக நேரடியாக ரத்தம் ஏற்றிப் பார்த்தார்கள். அப்போதே, மனைவியும் மகளும் பார்த்திருக்க, அவர் இறந்தார். யுடோரா ஜாக்சனிலேயே தங்கி, உள்ளூர் வானொலி நிலையத்திலும் பத்திரிகைகளுக்கும் வேலை செய்தார்.

திருப்பம் ஓர் அரசாங்க வேலையில் வந்தது. அதிபர் ரூஸ்வெல்ட் தொடங்கிய வேலைவாய்ப்புத் திட்டத்தின் மிசிசிப்பி அலுவலகத்தில் இளநிலை விளம்பரப் பணியாளராகச் சேர்ந்தார். மாநிலத்தில் 82 மாவட்டங்கள். புதிதாகப் போட்ட சந்தைச் சாலை, மாட்டு மேய்ச்சல் நிலத்தைச் சீர்படுத்தி அமைத்த விமானத்தளம், சிறார் நீதிமன்றம், ஊர் ஊராகப் போகும் நூலக வண்டி என எல்லாவற்றையும் நேரில் பார்க்க வேண்டும். இரவில் சிறுநகர விடுதி அறையில், இரையும் மின்விசிறியின் கீழ் உட்கார்ந்து வார இதழ்களுக்குச் செய்தி எழுத வேண்டும். படம் எடுக்க யாரும் சொல்லவில்லை. அவராகவே எடுத்தார்.

கருவிகளோ மிக எளியவை. ஆரம்பத்தில் பெட்டிக் கேமராவுக்கு ஒரு படி மேலான ஒரு கோடக். ரோலிஃபிளெக்ஸ் பின்னால்தான் வந்தது. பிலிம் சுருளை உள்ளூர் கடையில் கழுவக் கொடுப்பார். பிரிண்ட் போடுவது மட்டும் வீட்டுச் சமையலறையில், இரவில், அவரே அமைத்துக்கொண்ட சட்டத்தில். பிறகு மாநில நெடுஞ்சாலைத் துறை கழித்துவிட்ட பழைய என்லார்ஜர் ஒன்று கிடைத்தது. அதுவும் சமையலறை மேசைமீதே ஏறியது. அதில் ஒரே ஒரு துளை அளவுதான். எவ்வளவு நேரம் ஒளி விழ வேண்டும் என்பதை மனத்துக்குள் எண்ணி, தவறிப் பார்த்துத்தான் கற்றார்.

அந்தச் சமையலறையிலிருந்து வந்த படங்களில் தலையாயது, 1930களின் ஒரு பெண்ணைக் காட்டும் படம். ஹைண்ட்ஸ் மாவட்டத்தைச் சேர்ந்த கறுப்பினப் பெண். பட்டன் போட்ட பழைய ஸ்வெட்டர். வறுமை உடையில் தெரிகிறது, முகத்தில் தெரிவதோ ஒரு நிமிர்வு. இரக்கம் கேட்கும் முகம் அல்ல அது. தக்காளி சிப்பம் கட்டும் தொழிலாளர்கள் இடைவேளையில் இளைப்பாறுவது, இருட்டுவதற்குள் வீடு திரும்புவோர், சனிக்கிழமைக் கடைத்தெருக் கூட்டம், தேவாலயத்தில் பறவை வேடமிட்டுக் காகிதச் சிறகுகளோடு நிற்கும் பெண்கள் என்று விரியும் அவருடைய உலகில் மனிதர்கள் ஒரு பிரச்சினைக்குச் சான்றாக நிற்பதில்லை. தங்கள் வேலையைப் பார்த்துக்கொண்டிருக்கிறார்கள், அவ்வளவுதான்.

இங்கேதான் வாக்கர் எவன்ஸ், டோரத்தியா லேங் போன்ற சமகாலப் புகைப்படக் கலைஞர்களிடமிருந்து அவர் பிரிகிறார். அவர்கள் மந்தத்தின் கொடுமையை நாட்டுக்குக் காட்ட அரசு அனுப்பியவர்கள். வெல்ட்டி அந்த மண்ணிலேயே பிறந்தவர். படக் கட்டமைப்பில் எவன்ஸின் கறார் அவரிடம் இல்லை. சில படங்கள் வெறும் ஞாபகப் படங்களாகவே நின்றுவிடுகின்றன. ஆனால் நல்ல படங்களில், எதிரே நிற்பவர் கேமராவைக் கண்டு ஒடுங்கவில்லை. இதை வெறும் நட்பின் அடையாளமாகக் கொண்டாடிவிடவும் முடியாது. நிறப் பாகுபாடு சட்டமாகவே இருந்த மிசிசிப்பியில், படம் எடுக்கட்டுமா என்று கேட்கும் வெள்ளைக்காரப் பெண்ணிடம் மாட்டேன் என்று சொல்வது கறுப்பினத்தவருக்கு எளிதல்ல. அந்த ஏற்றத்தாழ்வு படங்களின் சட்டகத்துக்கு வெளியே எப்போதும் இருக்கிறது. அதையும் சேர்த்தே அவற்றைப் பார்க்க வேண்டும்.

படங்களையும் கதைகளையும் இணைத்து ‘பிளாக் சாட்டர்டே’ என்ற பெயரில் ஒரு நூல் போட விரும்பினார். பதிப்பாளர்கள் திருப்பி அனுப்பினார்கள். 1937இல் ‘லைஃப்’ இதழ் அவருடைய சில படங்களை வெளியிட்டது, சந்தர்ப்பம் துயரமானது. ‘எலிக்சர் சல்ஃபனிலமைடு’ என்ற நச்சு மருந்தால் அமெரிக்காவில் 100க்கும் மேற்பட்டோர் இறந்தனர். மிசிசிப்பியின் மவுண்ட் ஆலிவ் ஊரிலும் அந்த மருந்து உயிர்களைப் பறித்திருந்தது; வெல்ட்டியின் படங்கள் அந்தச் செய்திக்கானவை. அடுத்த ஆண்டே மருந்துப் பாதுகாப்புச் சட்டம் வந்தது.

முதல் கதையான ‘டெத் ஆஃப் எ டிராவலிங் சேல்ஸ்மேன்’, ஊர் ஊராகச் சென்று காலணி விற்கும் ஒருவன் குக்கிராமத்தில் வழி தவறி நிற்பதைச் சொல்வது. அதன் விதை, நெடுஞ்சாலைத் துறையில் வேலை பார்த்த பக்கத்து வீட்டுக்காரர் சொன்ன ஒரு செய்தி: தொலைதூரப் பகுதியில் ஒருவன் அடுப்பு மூட்ட அண்டை வீட்டுக்கு நெருப்பு இரவல் வாங்கப் போனானாம். ‘எ வோர்ன் பாத்’ கதைக்கு மூலம் ஒரு காட்சி. குளிர்காலத்தில் வயல்வெளியைக் கடந்து தூரத்தில் தனியாக நடந்துபோன ஒரு கிழவியை வெல்ட்டி கண்டார். கதையில் அவள் ஃபீனிக்ஸ் ஜாக்சன் ஆனாள். அரிக்கும் காரத்தை விழுங்கித் தொண்டை வெந்த பேரனுக்கு மருந்து வாங்க நாட்செஸ் நகருக்கு நடக்கிறாள். ஒரு சிற்றூர்த் தபால் அலுவலகத்தின் பின்புறத்தில் இஸ்திரிப் பலகையோடு நின்ற பெண், ‘ஒய் ஐ லிவ் அட் தி பி.ஓ.’ என்ற நகைச்சுவைக் கதையானாள். வீட்டு முற்றத்து மரக்கிளைகளில் வண்ணப் புட்டிகளைச் செருகி வைத்தால் தீய ஆவிகள் அவற்றுக்குள் சிக்கிக்கொள்ளும் என்பது அந்தப் பகுதி நம்பிக்கை. வெல்ட்டி படம் எடுத்த அந்தப் புட்டி மரங்கள் ‘லிவி’ கதையில் நிற்கின்றன.

ஓர் உணர்ச்சி தன்னைக் காட்டிக்கொள்ளும் அசைவுக்காகக் காத்திருக்க வேண்டும், அது வரும் நொடியை விட்டுவிடக் கூடாது என்பதைக் கேமராதான் தனக்குக் கற்பித்தது என அவர் பின்னாளில் எழுதினார். அவருடைய கதைமாந்தர் மனத்தில் உள்ளதை விளக்கிப் பேசுவது குறைவு. கையில் இருப்பதைத் திருப்பிப் பார்ப்பார்கள், தொப்பியைக் கழற்றுவார்கள், வாசலில் நின்றுவிடுவார்கள். வாசகருக்கு அது போதும்.

1941இல் முதல் தொகுதி ‘எ கர்ட்டன் ஆஃப் கிரீன்’, எழுத்தாளர் கேத்தரின் ஆன் போர்ட்டரின் முன்னுரையோடு வந்தது. ‘டெல்டா வெட்டிங்’ நாவல் (1946), ஒன்றோடொன்று பிணைந்த கதைகளாலான ‘தி கோல்டன் ஆப்பிள்ஸ்’ (1949), ‘தி பாண்டர் ஹார்ட்’ (1954) தொடர்ந்தன. இவற்றில் ‘தி கோல்டன் ஆப்பிள்ஸ்’தான் அவர் எட்டிய உச்சம். 1950இல் பாரிஸ் மெட்ரோ ரயில் நிலைய இருக்கையில் ரோலிஃபிளெக்ஸை மறந்துவிட்டு வந்தார். தன் கவனக்குறைவு மீதே கோபம். அதற்குப் பிறகு வேறு கேமரா வாங்கவில்லை.

1963 ஜூன் 12 அன்று, குடிமை உரிமைப் போராளி மெட்கர் எவர்ஸ் ஜாக்சனில் தன் வீட்டு வாசலில் சுட்டுக் கொல்லப்பட்டார். வெல்ட்டி வாழ்ந்த அதே நகரம். கொலையாளி யாரென்று தெரியாத நிலையிலேயே, அவன் குரலில், தன்மையில் ஒரு கதை எழுதினார்: ‘வேர் இஸ் தி வாய்ஸ் கமிங் ஃப்ரம்?’ அடுத்த மாதமே ‘நியூ யார்க்கர்’ அதை வெளியிட்டது. இதற்கிடையே சந்தேக நபர் கைதானார். கதையில் வந்த விவரங்கள் அவரோடு ஒத்துப்போனதால் அச்சுக்கு முன் சிலவற்றை மாற்ற வேண்டியதாயிற்று. அந்தக் கொலைக்குத் தண்டனை 1994இல்தான் கிடைத்தது.

நோயுற்ற தாயைப் பார்த்துக்கொண்டதால் நெடுங்காலம் பெரியவர்களுக்கான புனைவு நூல் எதுவும் வரவில்லை. தம்பி வால்ட்டர் 1959இல் இறந்தார். 1966 ஜனவரியில் தாயும் மற்றொரு தம்பி எட்வர்டும் சில நாள் இடைவெளியில் போய்ச் சேர்ந்தனர். அதன் பின் மூன்று நூல்கள் வரிசையாக வந்தன. பெரும்பாலும் பேச்சாலேயே நகரும் ‘லூசிங் பேட்டில்ஸ்’ 1970இல் வெளிவந்தது. 35 ஆண்டு பெட்டியில் கிடந்த படங்கள் 1971இல் ‘ஒன் டைம், ஒன் பிளேஸ்’ என்ற தொகுப்பாயின. தந்தையின் மரணத்துக்குப் பின் பிறந்த வீட்டுக்குத் திரும்பி வரும் மகளைப் பற்றிய ‘தி ஆப்டிமிஸ்ட்ஸ் டாட்டர்’ 1972இல் வந்து புலிட்சர் வென்றது.

1980இல் அதிபரின் சுதந்திரப் பதக்கம் கிடைத்தது. ஹார்வர்டு உரைகளிலிருந்து உருவான தன்வரலாற்று நூல் ‘ஒன் ரைட்டர்ஸ் பிகினிங்ஸ்’ 1984இல் பெரும் விற்பனை கண்டது. 1980களின் இறுதியில் ஒரு மென்பொருளாளர், தபால் அலுவலகக் கதையின் நினைவாகத் தன் மின்னஞ்சல் செயலிக்கு ‘யுடோரா’ என்று பெயரிட்டார். ‘லைப்ரரி ஆஃப் அமெரிக்கா’ வரிசையில், உயிரோடிருக்கும்போதே படைப்புகள் தொகுக்கப்பட்ட முதல் எழுத்தாளர் என்ற பெருமை 1998இல் வந்தது.

2001 ஜூலை 23 அன்று ஜாக்சனில் 92ஆம் வயதில் காலமானார். 1925இல் தந்தை கட்டிய பைன்ஹர்ஸ்ட் தெரு வீட்டில்தான் கடைசிவரை வாழ்ந்தார். அது 2006 முதல் அருங்காட்சியகம். நெகட்டிவ்கள் மிசிசிப்பி மாநில ஆவணக் காப்பகத்தில் உள்ளன. வெல்ட்டியைப் புதிதாகத் தொடங்குவோர் முதலில் ‘எ வோர்ன் பாத்’ கதையைப் படித்துவிட்டு, அதே கையோடு ‘ஒன் டைம், ஒன் பிளேஸ்’ தொகுப்பையும் புரட்டிப் பார்ப்பது நல்லது.