நேவார பௌத்தரது தீக்கை

நேபாள நாட்டிலே காட்மாண்டு, லலிதபுரி, பக்தபுரி என்னும் மூன்று பழைய நகரங்களைத் தன்னகத்தே கொண்ட பள்ளத்தாக்கின் தொல்குடிகள் நேவாரர் எனப்படுவர். இவருள் சிவமார்க்கிகள் எனவும் புத்தமார்க்கிகள் எனவும் இருதிறத்தார் உளர். முன்னையோர் தம் இல்லச் சடங்குகளுக்குப் பிராமணரையும், பின்னையோர் வஜ்ராசாரியரையும் புரோகிதராகக் கொள்வர். வடமொழியையே கிரியை மொழியாகக் கொண்டு இன்றுகாறும் வழிபட்டு வரும் பௌத்தர் இப் புத்தமார்க்கிகளே யாவர்.

ஆயினும் இவரது சங்கம் அயலாரால் இகழப்பட்டது. மணம் புரிந்து மக்களைப் பெற்று வாழ்வோரே தம்மைச் சாக்கிய பிக்ஷுக்கள் என வழங்கியமை அவ்விகழ்ச்சிக்குக் காரணம். 19-ஆம் நூற்றாண்டில் காட்மாண்டுவில் ஆங்கில அரசின் அதிகாரியாயிருந்த பிரயன் ஹாட்ஜ்ஸன் முதலாகப் பலரும் இதனைச் சிதைந்த பௌத்தமென்றே கருதினர். அவர் கண்டது விகாரங்களின் நிலையை. தீக்கையின் உட்பொருளை அவர் நன்கு ஆராய்ந்தாரல்லர்.

சாக்கியர், வஜ்ராசாரியர் என்னும் இரு குலத்துச் சிறுவர்க்கும் முதற்கண் நிகழ்வது ‘பரே சுயேகு’ என்னும் துறவுத் தீக்கை. இது தந்தைக்கு உரிமையான விகாரத்திலேயே நிகழ்தல் வேண்டும். சிறுவனுக்கு ஒற்றைப்படை வயதில், பெரும்பாலும் சிறுவர் பலர்க்கு ஒருங்கே, இது செய்யப்படும். விகாரத்து மூத்தோர் முன்னிலையில் சிகை களையப்படும்; அம்மயிரைத் தந்தையின் உடன்பிறந்தாளாகிய அத்தை தட்டிலே ஏந்திக் கொள்வாள். பின்னர்ச் சிறுவன் நீராட்டப்பெற்றுச் சீவரமும் பிக்ஷா பாத்திரமும் தண்டும் பெறுவான். நான்கு நாள்வரை அவன் பிக்ஷு. சுற்றத்தார்பால் ஐயமேற்று உண்பான். ஈன்ற தாயும் அவனைத் துறவியாகவே மதித்துப் பிச்சையிடுவாள். நான்காம் நாளில், துறவொழுக்கம் அரிதென்று குருவினிடம் விண்ணப்பித்துச் சீவரத்தைக் களைவான். குருவும் இசைந்து, சிராவக யானத்தைக் கடந்தாயாதலின் இனி மகாயான நெறியில் இல்லறத்தானாய் ஒழுகுக என்று பணிப்பார்.

ஈண்டுக் கவனிக்கத்தக்கது, துறவு குற்றத்தினால் இழக்கப்படவில்லை என்பதே. அது முறையாக ஏற்கப்பட்டு முறையாகவே விடப்படுகின்றது. விட்ட பின்னரும் அச்சிறுவன் அவ்விகாரத்துச் சங்கத்தினன் என்னும் உரிமை ஆயுள்காறும் நிற்கும். திருக்கோயிற் பூசை முறை அவனுக்கு வரும். சங்கத்தில் மூப்பும் பல விகாரங்களில் பிறந்த நாளால் அன்றித் தீக்கை பெற்ற நாளாலேயே கணிக்கப்படும்.

வஜ்ராசாரியர் குலத்துச் சிறுவனுக்கு மேலும் ஆசாரியாபிஷேகம் உண்டு. இது பிறர் காணாத மறைவிடத்தில் நிகழ்வது. கலச நீரும் முடியும் வஜ்ரமும் மணியும் நாமமும் பெற்றே அவன் பிறர்க்குப் புரோகிதனாவான். சாக்கியர்க்கு அவ்வுரிமை இல்லை. இதற்கும் அப்பாற்பட்டது சக்கரசம்வரர், வஜ்ரவாராகி என்னும் தெய்வங்களை நோக்கிய உயர் தீக்கை. அதனை மகளிரும் பெறுவர். வணிக குலத்தாராகிய உராயரும் பெறுவர். சக்கரசம்வர தந்திரத்தின் பகுதிகள் பல சைவத் தந்திரங்களினின்று எடுக்கப்பட்டவை என்பதை அலெக்சிஸ் ஸாண்டர்ஸன் நூல்களை ஒப்பிட்டுக் காட்டியுள்ளார்.

சமயம், விசேடம், நிருவாணம், ஆசாரியாபிடேகம் என்னும் படிமுறையை அறிந்த சைவர்க்கு இவ்வடைவு புதிதன்று. ஆனால் வேற்றுமை ஒன்று பெரிது. சைவத்தில் முன்னைத் தீக்கையாற் பெற்ற கோலமும் ஒழுக்கமும் பின்னையதனால் மிகுமேயன்றி நீங்கா. நேவாரரிடத்தோ முதற்படியின் கோலத்தைக் களைந்த பின்னரே அடுத்த படி எய்தும்.

இம்முறை எவ்வாறு தோன்றிற்று? டேனியல் ரைட் என்பார் 1877-இல் ஆங்கிலத்தில் வெளியிட்ட நேபாள வம்சாவளியொன்று, சங்கராசாரியர் அங்குப் போந்து பிக்ஷுக்களையும் பிக்ஷுணிகளையும் வலிந்து மணம் புரிவித்தார் எனக் கூறும். 1382 முதல் 1395 வரை ஆண்ட ஜயஸ்திதி மல்லன் சாதி வரம்பு வகுத்து விகாரங்களைக் குலைத்தான் என்பாரும் உளர். முன்னது கதையே, பின்னதும் முழுதும் ஏற்கற்பாலதன்று. மனைவி மக்களோடு வாழும் பிக்ஷுக்களுக்கென விகாரத்தின் ஒருபாதி ஒதுக்கப்பட்டதை 12-ஆம் நூற்றாண்டுக் காச்மீர நூலாகிய இராசதரங்கிணி குறிப்பிடுகின்றது. ஆகவே இல்லறப் பிக்ஷு ஓர் அரசனது ஆணையால் ஒருநாளில் உண்டானவன் அல்லன்.

இம்முறையின் உண்மையான குறை வேறு. சங்கத்தின் வாயில் பிறப்பால் அடைக்கப்பட்டது. தந்தை சங்கத்தினனாயினும் தாய் தாழ்ந்த குலத்தாளெனின் மகனுக்கு விகாரத்தில் இடமில்லை. குலத்திற் பிறவாதான் எத்துணை வேட்கையுடையனாயினும் பிக்ஷுவாதற்கு வழியில்லை. இவ்வடைப்பை உடைத்தது தேரவாதம். 1930-இல் பிரஞ்ஞானந்தர் குசிநகரத்தில் சீவரம் பூண்டார். அவரும் அவர்வழி வந்தோரும் குலம் நோக்காது துறவு அளித்தனர். ராணா ஆட்சியினர் இதனைப் பொறாது 1944-இல் பிக்ஷுக்கள் எண்மரை நாடு கடத்தினர். இலங்கையினின்று சென்ற நாரத தேரரின் முயற்சிக்குப் பின், 1946-இல் அவர்கள் மீண்டும் வர இசைவு கிடைத்தது.

ஆயுட்காலத் துறவையே மெய்த்துறவெனக் கொண்டு வந்த அத்தேரவாதத்தாரும் பழைய வழக்கை முற்றும் விலக்க இயலவில்லை. இன்று அவர்தம் விகாரங்களில் எக்குலத்துச் சிறுவர்க்கும் சின்னாள் துறவு அளிக்கப்படுகின்றது. பூப்பெய்துமுன் பன்னிரு நாள் இருட்டறையில் அடைக்கப்பட்டுச் சூரியனுக்கு மணஞ்செய்விக்கப்படும் நேவாரச் சிறுமியருட் பலர், அதற்கு மாறாகப் பௌத்தத் துறவு மகளிரிடம் சென்று, சீவரம் உடுத்து, சில நாள் ‘ரிஷிணி’ எனத் தங்கி இல்லம் மீள்கின்றனர்.