கீலி வானொலி

கீலி வானொலி ஐக்கிய அமெரிக்காவின் தெற்கு டகோட்டா மாநிலத்தில், பைன் ரிட்ஜ் பழங்குடி ஒதுக்கீட்டு நிலப்பகுதியிலிருந்து ஒலிபரப்பாகும் சமூக வானொலி நிலையமாகும். லகோட்டா மக்களுக்கான இந்நிலையம் 1983 ஆம் ஆண்டில் தன் ஒலிபரப்பைத் தொடங்கியது. போர்க்கியுபைன் என்னும் சிற்றூருக்கு அருகிலிருந்து 90.1 மெகா ஏர்ட்சு பண்பலையில் ஒலிபரப்புகிறது. லகோட்டா கம்யூனிகேசன்சு என்ற இலாப நோக்கற்ற அமைப்பு இதனை நடத்துகிறது.

பெயர்

மிசிசிப்பி ஆற்றுக்கு மேற்கேயுள்ள அமெரிக்க வானொலிகளின் அழைப்புக் குறிகள் பொதுவாக 'கே' என்ற எழுத்தில் தொடங்கும். இந்நிலையத்தின் நான்கெழுத்துக் குறியைச் சேர்த்துப் படித்தால் 'கீலி' என்று வரும். லகோட்டா மொழியின் பேச்சு வழக்கில் இது 'அருமை' எனப் பொருள்படும்.

பின்னணி

1890 ஆம் ஆண்டில் லகோட்டா மக்கள் அமெரிக்கப் படையினரால் கொல்லப்பட்ட ஊண்டட் நீ பைன் ரிட்ஜிலேயே உள்ளது. 1973 இல் அமெரிக்க இந்தியர் இயக்கத்தினரும் ஓக்லாலா லகோட்டாக்களும் அவ்வூரை 71 நாட்கள் தம்வசம் வைத்திருந்து உரிமைப் போராட்டம் நடத்தினர். அவ்வியக்கத்தோடு தொடர்புடையோர் இவ்வானொலியை நிறுவுவதில் பங்காற்றினர்.

பைன் ரிட்ஜின் பரப்பளவு ஏறத்தாழ 9,000 சதுர கிலோமீட்டர். வீடுகள் ஒன்றுக்கொன்று வெகு தொலைவில் சிதறிக் கிடக்கின்றன. எனவே 1,00,000 வாட்டு ஆற்றலுடன் ஒலிபரப்பும் உரிமம் இந்நிலையத்திற்கு மிகவும் பயனுள்ளதாக அமைந்தது. அண்டையிலுள்ள ரோசுபட், செயென் ரிவர் ஒதுக்கீட்டுப் பகுதிகளிலும் இதனைக் கேட்கலாம்.

நிகழ்ச்சிகள்

நிகழ்ச்சிகள் லகோட்டாவிலும் ஆங்கிலத்திலும் அமைகின்றன. பழங்குடி மன்றக் கூட்டங்கள், பள்ளிகளுக்கிடையிலான கூடைப்பந்துப் போட்டிகள், இறப்பு அறிவிப்புகள், பனிப்புயல் எச்சரிக்கைகள், பவ்-வவ் விழாப் பாடல்கள் ஆகியன இடம்பெறுகின்றன.

மொழியைப் பொறுத்தவரை இவ்வானொலியின் பணி குறிப்பிடத்தக்கது. அரசும் திருச்சபைகளும் நடத்திய உறைவிடப் பள்ளிகளில் தாய்மொழி பேசிய பழங்குடிக் குழந்தைகள் தண்டிக்கப்பட்டனர். இதனால் தலைமுறைத் தொடர்ச்சி அறுந்தது. இன்று லகோட்டாவைச் சரளமாகப் பேசுவோரில் பெரும்பாலோர் முதியவர்களே. அம்மொழியை வீட்டில் கேட்டிராத இளையோரும் வானொலியில் அன்றாடச் செய்தியாகவும் உரையாடலாகவும் அதனைக் கேட்க முடிகிறது.

இடர்களும் நிதியும்

2006 இல் மின்னல் தாக்கியதில் ஒலிபரப்புக் கருவிகள் பழுதடைந்தன. மின்கட்டணச் சுமையைக் குறைக்க 2008 இல் நிலைய வளாகத்தில் காற்றாலை ஒன்று நிறுவப்பட்டது.

விளம்பர வருவாய் குறைவான இத்தகைய பழங்குடி வானொலிகள் பலவும் பொது ஒலிபரப்புக் கழகத்தின் மானியத்தைப் பெரிதும் சார்ந்திருந்தன. 2025 சூலையில் அமெரிக்க நாடாளுமன்றம் அக்கழகத்திற்கு ஒதுக்கியிருந்த சுமார் 110 கோடி டாலரைத் திரும்பப் பெற்றது. பழங்குடி நிலையங்களுக்கென வேறு அரசு நிதியிலிருந்து ஏறத்தாழ 94 இலட்சம் டாலர் வழங்குவதாக உறுதியளிக்கப்பட்டது. எனினும் இது பல மாநிலங்களின் நிலையங்களுக்கிடையே பகிரப்பட வேண்டிய தொகையாகும்.