கல்விச்சாலை வாயிலும் அம்மைச் சான்றும்

பல்கலைக்கழக வகுப்பிற் சேர விழையும் மாணவர், தம் தேர்ச்சிச் சான்றுகளோடு தடுப்பூசி பெற்றமைக்குரிய சான்றினையும் காட்டுதல் வேண்டும் என்னும் விதி அமெரிக்க ஐக்கிய நாடுகளில் ஆழ வேரூன்றியதாகும். 2021ஆம் ஆண்டில் இவ்விதி பற்றி எழுந்த வழக்குகளையும் சொற்போர்களையும் கண்டோர் பலர், கொரோனாப் பெருந்தொற்றுக் காலத்தே புதிதாகத் தோன்றியது இஃது எனக் கருதினர். அக்கருத்துப் பொருந்தாது. ஏறத்தாழ இருநூறாண்டு வரலாறு இதற்கு உண்டு. அவ்வரலாற்றில் சட்டம் வளர்ந்த முறையைச் சட்ட அறிஞர் பலர் ஆராய்ந்துள்ளனர். இலக்கியம் பயின்ற எமக்கோ, ‘சான்று’ என்று காலந்தோறும் கொள்ளப்பட்டது யாது என்னும் வினாவே முதன்மையாகத் தோன்றுகின்றது. ஏட்டின் உண்மையை ஐயுற்று நோக்கிப் பழகிய கண்ணுக்கு இவ்வினா அயலானதன்று.

ஜென்னர் பசு அம்மைப்பாலை ஒரு சிறுவனுக்கு இட்டுப் பார்த்தது 1796இல். தம் ஆய்வை நூலாக வெளியிட்டது 1798இல். அதற்கு முன்னர்ப் பெரியம்மைச் சீழையே நலமுடையார் உடலில் ஏற்றும் முறை வழங்கிற்று. 1721இல் பாஸ்டன் நகரில் இம்முறையைப் பரப்ப முயன்ற காட்டன் மாதர் என்னும் சமயகுரவர், அதனைத் தம் இல்லத்தில் அடிமையாக இருந்த ஒனேசிமஸ் என்னும் ஆப்பிரிக்கரிடமிருந்தே முதலில் அறிந்தார் என்பது மறக்கற்பாலதன்று. அம்முறை இடர் நிறைந்தது. இன்று பிரின்ஸ்டன் பல்கலைக்கழகம் எனப்படும் நியூ ஜெர்சிக் கல்லூரியின் தலைவராகப் பொறுப்பேற்ற சில வாரங்களிலேயே, ஜானதன் எட்வர்ட்ஸ் என்னும் பேரறிஞர் இவ்வாறு அம்மை ஏற்றிக்கொண்டு, அதன் விளைவாக 1758ஆம் ஆண்டு மார்ச்சுத் திங்களில் உயிர் நீத்தார். தடுப்பு முறையை அஞ்சியோர் யாவரும் அறியாமையால் அஞ்சினர் எனக் கூறுவார்க்கு இந்நிகழ்ச்சி ஒன்றே விடையாகும்.

பசு அம்மைப்பால் வந்தபின் இவ்விடர் பெரிதும் குறைந்தது. ஹார்வர்டு பல்கலைக்கழக மருத்துவப் பேராசிரியர் பெஞ்சமின் வாட்டர்ஹவுஸ், 1800ஆம் ஆண்டு கேம்பிரிட்ஜ் நகரில் தம் மகனுக்கே அதனை முதலில் இட்டார். 1827இல் பாஸ்டன் நகரம், அம்மை குத்திக்கொள்ளாத சிறுவரைப் பள்ளியிற் சேர்த்தலாகாது என விதித்தது. 1855இல் மாசசூசெட்ஸ் மாநிலம் முழுமைக்கும் அவ்விதி சட்டமாயிற்று. இவ்விடத்தே மற்றோர் ஆண்டையும் உடன்வைத்து நோக்குதல் வேண்டும். சிறுவரைப் பள்ளிக்கு அனுப்பியே ஆகவேண்டும் என்னும் கட்டாயக் கல்விச் சட்டத்தை அந்நாட்டில் முதன்முதல் இயற்றியதும் இதே மாநிலமே, அது 1852இல். பள்ளிக்கு வருக என ஆணையிட்ட அரசு, மூன்றாண்டு கழித்து, அம்மை குத்தாமல் வாரற்க என ஆணையிட்டது. பலரை ஓரிடத்தே கூட்டும் அரசு, அக்கூட்டத்தால் விளையும் தீங்கிற்கும் பொறுப்பேற்றல் முறையே என்று இதனை நியாயப்படுத்தலாம். எனினும், இவ்விரண்டு ஆணைகளுக்கும் இடையே அகப்பட்டவன் சிறுவன். தந்தை மறுத்தால் கல்வியை இழப்பவன் மகன். பிற்காலத்து வழக்குகள் பலவற்றுள்ளும் இம்முரணே உள்ளுறையாக நிற்கின்றது.

இனிச் சான்றினைப் பற்றிப் பார்ப்போம். தொடக்கத்தில் தோளிலிருந்த தழும்பே தலையாய சான்று. அம்மை குத்திய இடம் கொப்புளித்து ஆறியபின் நிற்கும் வடு, எழுத்தறியாதாரும் படிக்கத்தக்க எழுத்து. ஊர்கடந்து செல்வோரிடமும் தொழிற்சாலையிற் சேர்வோரிடமும் பள்ளிச் சிறுவரிடமும் தோளைத் திறந்துகாட்டச் சொல்லி அதிகாரிகள் அதனைப் படித்தனர். ஆயினும் எழுத்து உளதாயின் பொய்யெழுத்தும் உளதாகும். 1900ஆம் ஆண்டை ஒட்டிய காலத்தே பெரியம்மை பரவியபோது, அம்மை குத்திக்கொள்ள விரும்பாதார் சிலர் நைட்ரிக் அமிலத்தால் தோளைச் சுட்டுப் போலித் தழும்பு உண்டாக்கிக்கொண்டனர். அம்மைப்பாலுக்கு அஞ்சி அமிலத்தைத் தாங்கிய அவர்தம் மனநிலை ஆராயத்தக்கது. மருத்துவர் கையொப்பமிட்ட தாள் வழக்கிற்கு வந்தபோது, போலித் தாள்களும் கூடவே வந்தன.

தழும்பு மெய்யாயினும் அது கூறும் செய்தி குறைவுடையது. என்றோ ஒருநாள் அம்மை குத்தப்பட்டது என்று மட்டுமே அது சொல்லும். இன்றும் காப்பு உளதா என்று சொல்லாது. ஒருமுறை இட்ட பால் வாழ்நாள் முழுதும் காக்கும் என ஜென்னர் நம்பினார். அந்நம்பிக்கை பிழை என்பது பத்தொன்பதாம் நூற்றாண்டின் நடுப்பகுதிக்குள் தெளிவாயிற்று. செருமானியப் பேரரசு 1874இல் இயற்றிய சட்டம், குழந்தைப் பருவத்தில் ஒருமுறையும், பள்ளிச் சிறுவராய்ப் பன்னிரண்டாம் அகவையில் மற்றொரு முறையும் அம்மை குத்தவேண்டும் என்றது இதனாலேயே. அது முதல் நாளும் ஆண்டும் இல்லாத சான்று குறைச் சான்றாயிற்று. உடலிலிருந்த எழுத்து தாளுக்குச் சென்ற வரலாற்றின் திருப்பம் இதுவே என்பது எம் கருத்து.

வழக்குகளுள் இரண்டினை மட்டும் ஈண்டுக் கூறுவேம். 1902இல் கேம்பிரிட்ஜ் நகரில் பெரியம்மை பரவியபோது, நகர நலவாரியம் யாவரும் அம்மை குத்திக்கொள்ள வேண்டும் என ஆணையிட்டது. சுவீடனில் பிறந்து அந்நகரில் சமயப்பணி ஆற்றிய ஹென்னிங் ஜேக்கப்சன் என்பார், இளமையில் அம்மைப்பாலால் தாம் பெருந்துன்பம் உற்றதைக் கூறி மறுத்தார். தண்டம் 5 டாலர். வழக்கு உச்சநீதிமன்றம் வரை சென்றது. 1905இல் நீதிபதி ஹார்லன், எழுவர் ஒருபாலும் இருவர் மறுபாலும் நின்ற தீர்ப்பில், பொதுநலங் கருதி மாநிலம் இவ்வாறு விதிக்கலாம் என்றார். வாட்டர்ஹவுஸ் தம் மகனுக்கு அம்மைப்பால் இட்ட அதே ஊரில், ஒரு நூற்றாண்டு கழித்து இவ்வழக்குத் தோன்றியமை வியப்பே. தீர்ப்பைப் போற்றுவாரும் தூற்றுவாரும் பெரும்பாலும் கவனியாத பகுதி ஒன்று அதனுள் உண்டு. உடல்நிலையால் அம்மைப்பாலைத் தாங்கமாட்டாதவரை வற்புறுத்துதல் கொடுமையாகும் என்றும், அத்தகைய நிலையில் நீதிமன்றம் தலையிடும் என்றும் ஹார்லன் எல்லை வகுத்துள்ளார்.

மற்றையது சுக்ட் எதிர் கிங் என்னும் வழக்கு, 1922இல் முடிந்தது. டெக்சஸ் மாநிலத்துச் சான் அன்டோனியோ நகர விதி, அம்மை குத்தியமைக்குரிய சான்றிதழை முன்னதாகக் காட்டாத எவரும் பொதுப்பள்ளியிலோ பிற கல்வியிடத்திலோ பயிலலாகாது என்றது. சான்றிதழ் இன்மையால் ஒரு மாணவி வெளியேற்றப்பட்டாள். ஊரில் அம்மை இல்லாதபோது இவ்விதி எற்றுக்கு என்பது அவள் தரப்பின் வாதம். ஜேக்கப்சன் வழக்கிலே முடிந்த பொருள் இஃது எனக் கூறி, ஆராயத்தக்க வினா இதில் இல்லை என்று நீதிபதி பிராண்டைஸ் சில பக்கங்களிலேயே தள்ளிவிட்டார். நீதிபதிகள் அனைவரும் உடன்பட்டனர். ஆயினும் இரு வழக்குகளும் ஒன்றல்ல. முன்னதில் நோய் பரவிக்கொண்டிருந்தது; பின்னதில் இல்லை. முன்னதில் தண்டம் பணம், பின்னதில் கல்வி. இத்துணை வேறுபாட்டை இத்துணைச் சுருக்கமாகக் கடந்தமை எமக்கு நிறைவளிக்கவில்லை. முடிபு சரியே, முடிபிற்குச் சென்ற வழி குறுக்குவழி.

பெரியம்மை ஒழிந்தபின் தட்டம்மை அவ்விடத்தைப் பெற்றது. அதற்குரிய தடுப்பூசி 1963இல் வழக்கிற்கு வந்தது. டெக்சார்கானா என்னும் இரட்டை நகரின் நடுவே டெக்சஸ், ஆர்க்கன்சா மாநிலங்களின் எல்லைக்கோடு ஓடுகின்றது. பள்ளிக்குத் தடுப்பூசி வேண்டும் என்னும் விதி ஆர்க்கன்சாப் பகுதியில் இருந்தது. டெக்சஸ் பகுதியில் இல்லை. 1970இல் தட்டம்மை பரவியபோது நோயுற்றார் அறுநூற்றுவருக்கு மேற்பட்டோர். அவருள் நூற்றுக்குத் தொண்ணூற்றைவருக்கு மேல் டெக்சஸ் பகுதியினர். ஒரே தெரு, ஒரே காற்று. கோட்டிற்கு இப்பால் நோய், அப்பால் நலம். சட்டத்தின் ஆற்றலை இதனினும் தெளிவாகக் காட்டும் நிகழ்ச்சி அரிது.

பல்கலைக்கழகங்கள் இவ்வழிக்கு வந்தது சற்றுப் பின்னரே. 1980களில் கல்லூரி விடுதிகளில் தட்டம்மை தலைகாட்டியது. இந்தியானாப் பல்கலைக்கழகத்தில் 1983இல் பரவிற்று. சமயக் கொள்கையால் தடுப்பூசி பெறாதார் மிகுந்த இல்லினாய் மாநிலத்துப் பிரின்சிபியாக் கல்லூரியில் 1985இல் பரவி, மூவர் இறந்தனர். சிறுவர் நோய் இளைஞரை வருத்தியது ஏன்? தடுப்பூசி வந்தபின் நோய் அருகியமையால் இயற்கையாய் அதனை அடையாதோரும், ஊசியும் பெறாதோரும் பலர் இருந்தனர். ஊசி பெற்றோருள்ளும் சிலர் 1963 முதல் 1967 வரை வழங்கிய உயிரற்ற நுண்மத் தடுப்பூசியைப் பெற்றவர். அதன் காப்பு நிலைபெறவில்லை. வேறு சிலர் ஓராண்டு நிரம்புமுன் ஊசி பெற்றவர். தாயிடமிருந்து வந்த எதிர்ப்பாற்றல் அவ்வூசியின் பயனைக் கெடுத்திருந்தது. ஆகவே, ஊசி போடப்பட்டது என்னும் ஒருவரிச் சான்று போதாதாயிற்று. எந்நாளில், எவ்வகை ஊசி, அந்நாளில் குழந்தையின் அகவை யாது என்றெல்லாம் ஓலைச்சுவடியின் பாடத்தை ஆராய்வார் போல ஆராய வேண்டியதாயிற்று.

சேர்க்கைக்கு முன்பே இச்சான்றைப் பெறுமாறு அமெரிக்கக் கல்லூரி நலக் கழகம் 1983இல் பரிந்துரைத்தது. நியூயார்க் மாநிலச் சட்டம், 1957ஆம் ஆண்டு சனவரி முதல்நாளிலோ அதன்பின்னோ பிறந்த மாணவர் தட்டம்மை, பொன்னுக்குவீங்கி, ரூபெல்லா ஆகிய மூன்றற்கும் எதிர்ப்பாற்றல் உடையர் என்பதைக் காட்டவேண்டும் என்கிறது. அவ்வாண்டிற்கு முற்பட்டோர், தடுப்பூசி இல்லாத காலத்தே வளர்ந்தமையால், தட்டம்மையை உறுதியாக அடைந்தே இருப்பர் என்பது கருதுகோள். பழைய நூல்களின் காலத்தை அகச்சான்றால் வரையறுப்பார் செய்வதும் இதனை ஒத்ததே.

இந்நாட்டிலிருந்து அங்குச் செல்லும் மாணவர் அறிந்த சிக்கல் ஒன்றும் உண்டு. காசநோய்த் தடுப்பிற்காகக் குழந்தைப் பருவத்தில் நம்மவர் தோளில் இடப்படும் பி.சி.ஜி. ஊசியை அமெரிக்க நாடு பொதுவழக்காகக் கொண்டதில்லை. அங்குத் தோலிற் செய்யும் காசநோய்ச் சோதனையில், இவ்வூசி பெற்றவர் உடல் நோயுற்றார் உடல்போல வீங்கிக் காட்டுவதுண்டு. ஈண்டுக் காப்பின் அடையாளமாகிய தழும்பு, ஆண்டு ஐயத்திற்கு வித்தாகின்றது. இதனாலேயே குருதிச் சோதனை மேற்கொள்ளப்படுகின்றது. ஓரிடத்துச் சான்று மற்றோரிடத்தில் வேறு பொருள் படுவதற்கு இஃது ஏற்ற எடுத்துக்காட்டு.

2021 மார்ச்சுத் திங்களில் ரட்கர்ஸ் பல்கலைக்கழகம் கொரோனாத் தடுப்பூசிச் சான்றை முதலில் விதித்தது. நூற்றுக்கணக்கான கல்வி நிலையங்கள் பின்தொடர்ந்தன. இந்தியானாப் பல்கலைக்கழக மாணவர் எண்மர் தொடுத்த வழக்கில், அவ்வாண்டு ஆகத்துத் திங்களில் மேல்முறையீட்டு நீதிபதி ஈஸ்டர்புரூக், இவ்வழக்கு ஜேக்கப்சன் வழக்கினும் எளியது என்றார். விலக்கு வேண்டுவார்க்கு விலக்கு உண்டு. மறுப்போர் வேறிடத்திற் பயிலலாம் என்பது அவர் காட்டிய காரணம். முன்னது வலிய காரணம். பின்னதைப் பற்றி எமக்கு ஐயம் உண்டு. பாதிப் படிப்பை முடித்த மாணவற்கு வேறிடம் என்பது சொல்லளவில் எளிது. 1922இல் சான் அன்டோனியோ மாணவி ‘பிற கல்வியிடம்’ என்னும் தொடரால் எவ்விடத்தும் புகமுடியாமல் நின்றதை இங்கு நினைத்தல் தகும்.

பின்னர் வந்த ஆண்டுகளில் பெரும்பாலான பல்கலைக்கழகங்கள் கொரோனாச் சான்றைக் கைவிட்டன. ரட்கர்ஸ் 2024இல் கைவிட்டது. தட்டம்மைக்குரிய சான்று மட்டும் முன்போலவே கேட்கப்படுகின்றது. நியூயார்க் விதியில் 1957 என்னும் ஆண்டும் மாறாமல் நிற்கின்றது.