ஒரே தண்டவாளம், இரண்டு நேரம்

மகள் ரேவதிக்கு வரன் கேட்க பிரம்மலோகம் போன ககுத்மி ராஜா, அங்கே நடந்துகொண்டிருந்த கச்சேரி முடியட்டும் என்று சற்றுக் காத்திருந்தார். பிறகு தன் மனதில் இருந்த மாப்பிள்ளைகளின் பெயர்களைச் சொன்னார். பிரம்மா சிரித்தார். அந்தச் சிறு பொழுதுக்குள் பூமியில் 27 சதுர்யுகங்கள் கடந்துவிட்டன. அந்த மாப்பிள்ளைகளின் வம்சங்களே அழிந்துவிட்டன என்கிறது புராணம்.

ஓரிடத்து நேரமும் இன்னோரிடத்து நேரமும் ஒட்டாமல் போவதைக் கற்பனைக் கதைகள் இன்றும் பெரும் ஆபத்தாகக் காட்டுகின்றன. வரலாற்றில் அந்த ஆபத்து நிஜமாகவே இருந்தது. யுகக் கணக்கில் இல்லை, நிமிடக் கணக்கில். நம் பாலக்கோட்டுக்கும் சென்னைக்கும் நடுவே இருந்த இடைவெளி 9 நிமிடம்.

பூமி ஒரு பாகை சுழல 4 நிமிடம் ஆகும். சென்னை கிழக்குத் தீர்க்கரேகையில் சுமார் 80¼ பாகையில் இருக்கிறது. பாலக்கோடு 78 பாகையைச் சற்றே தாண்டி. அதனால் சென்னையில் உச்சிக்கு வந்த சூரியன் பாலக்கோட்டின் உச்சிக்கு வர ஏறத்தாழ 9 நிமிடம் பிடிக்கிறது. பழங்காலத்தில் இது யாரையும் தொந்தரவு செய்யவில்லை. அடியில் சிறு துளையிட்ட கிண்ணத்தைத் தண்ணீரில் மிதக்கவிட்டு, அது நிரம்பி மூழ்கும் நேரத்தை ஒரு நாழிகை, அதாவது 24 நிமிடம், என்று கணக்கிட்டார்கள். சூரிய உதயத்தில் நாள் தொடங்கியது. ஒவ்வோர் ஊருக்கும் அதனதன் பொழுது இருந்தது.

1792-ஆம் ஆண்டு இந்தக் கதையில் முக்கியமானது. அந்த ஆண்டு ஸ்ரீரங்கப்பட்டணம் உடன்படிக்கையில் திப்பு சுல்தான் பாராமகால் பகுதியைக் கிழக்கிந்தியக் கம்பெனிக்கு விட்டுக்கொடுத்தார். பாலக்கோடும் அதோடு கைமாறியது. கேப்டன் அலெக்சாண்டர் ரீட் நிர்வாகத்துக்கு வந்தார். அவருக்கு உதவியாக வந்தவர்களில் ஒருவர் தாமஸ் மன்றோ. அதே 1792-இல் சென்னை நுங்கம்பாக்கத்தில் கம்பெனியின் வானாய்வகக் கட்டடம் எழுந்தது. வில்லியம் பெட்ரி 1786-இல் தன் சொந்த முயற்சியில் தொடங்கியிருந்த ஆய்வகத்தைக் கம்பெனி ஏற்று நடத்தியது; கட்டடத்தை வடிவமைத்தவர் மைக்கேல் டாப்பிங். கருவிகளைத் தாங்கிய கருங்கல் தூண் இன்றும் நுங்கம்பாக்கம் வானிலை மைய வளாகத்தில் நிற்கிறது. கட்டிய விவரம் அதில் தமிழிலும் செதுக்கப்பட்டிருக்கிறது. நம் ஊரின் நிலமும் நேரமும் ஒரே ஆண்டில் ஒரே கையை நோக்கி நகரத் தொடங்கின.

1802-இல் ஜான் கோல்டிங்ஹாம் சென்னையின் தீர்க்கரேகையைக் கணித்தார். கிரீன்விச்சைவிட 5 மணி 21 நிமிடம் முந்தியது சென்னை நேரம் என்று ஆயிற்று. இதே ஆய்வகத்தில் பணியாற்றிய சிந்தாமணி ரகுநாதாச்சாரி 1867-இல் ஒளி மாறும் விண்மீன் ஒன்றைக் கண்டறிந்தார். நேரில் பார்த்த கிரக நிலைகளோடு பஞ்சாங்கக் கணிதம் பொருந்த வேண்டும் என்று பாடுபட்டவரும் அவர்தான்.

அதுவரை அறிஞர்களின் விஷயமாக இருந்த நேரம், ரயில் வந்ததும் உயிர்ப் பிரச்சினை ஆனது. ஒற்றைத் தண்டவாளத்தில் எதிரெதிரே இரண்டு வண்டிகள். ஒன்று ஸ்டேஷனில் ஒதுங்கி நின்றால்தான் மற்றொன்று போக முடியும். எந்த வண்டி எத்தனை மணிக்கு ஒதுங்க வேண்டும் என்பதை அட்டவணை சொல்லும். இரண்டு ஓட்டுநர்களின் கடிகாரங்களும் ஒரே நேரம் காட்டாவிட்டால் அட்டவணையே எமனாகிவிடும். 1891 ஏப்ரலில் அமெரிக்காவின் ஒகையோ மாநிலத்தில், கிப்டன் என்ற ஊரில் அது நடந்தது. ஓர் ஓட்டுநரின் கடிகாரம் 4 நிமிடம் நின்று, பிறகு தானாகவே ஓடத் தொடங்கியிருந்தது. அவருக்கு அது தெரியாது. தபால் ரயிலுக்கு வழிவிட நேரம் இருக்கிறது என்று நம்பி வண்டியை ஓட்டினார். இரண்டும் மோதின, இரு ஓட்டுநர்களும் பலியானார்கள்.

இந்தியாவில் பம்பாய்க்கு ஒரு நேரம், கல்கத்தாவுக்கு ஒரு நேரம். இரண்டுக்கும் நடுவே ஒரு மணிக்கும் மேல் வித்தியாசம். இரண்டுக்கும் இடையில் இருந்த சென்னை நேரத்தையே 1870 முதல் ரயில்வே பொது நேரமாக எடுத்துக்கொண்டது. நுங்கம்பாக்கத்துக் கணக்கு தந்திக் கம்பி வழியே நாடு முழுக்கப் போனது. ஊர்க் கடிகாரம் வேறு, ஸ்டேஷன் கடிகாரம் வேறு என்று மக்கள் இரட்டை நேரத்தில் வாழப் பழகினார்கள். 1905 ஜூலை 1-இல் ரயில்வே இந்தியப் பொது நேரத்துக்கு மாறியது. 1906 ஜனவரி 1 முதல் அதுவே அரசின் நேரம். சென்னையின் கடிகாரங்கள் சுமார் 9 நிமிடம் முன்னே தள்ளப்பட்டன; பாலக்கோட்டின் பொழுதுக்கும் கடிகாரத்துக்கும் இருந்த இடைவெளி 18 நிமிடமாக விரிந்தது.

அதே 1906-இல்தான் மொரப்பூரிலிருந்து தருமபுரிக்குக் குறுகிய ரயில் பாதை திறக்கப்பட்டது. அகலம் இரண்டரை அடி. பஞ்சம் வந்தால் தானியம் கொண்டுவர வழி வேண்டும் என்று போட்ட பாதை அது. 1913-இல் பாலக்கோடு வழியாக ஓசூர் வரை நீண்டது. 1941-இல் மூடப்பட்டது. அடுத்த ஆண்டு செப்டம்பரில் அரசு போர்க்காலத்துக்காகக் கடிகாரத்தை இன்னும் ஒரு மணி நேரம் முன்னே வைத்தது. 1945 அக்டோபர் வரை பாலக்கோட்டில் உச்சி வெயில் என்றால் கடிகாரத்தில் மதியம் 1.18.

நேரப் பிளவு தமிழர் வாழ்வில் அண்மையிலும் வந்தது. மின் பற்றாக்குறையால் இலங்கை அரசு 1996 மே மாதம் கடிகாரத்தை ஒரு மணி நேரம் முன்னே தள்ளி, அக்டோபரில் அரை மணி குறைத்தது. விடுதலைப்புலிகளின் கட்டுப்பாட்டுப் பகுதிகளில் பழைய நேரமே நீடித்தது. 2006 ஏப்ரலில் அரசு பழைய நேரத்துக்குத் திரும்பும்வரை, இரு பகுதிகளுக்கும் நடுவே இருந்த ஓமந்தை சோதனைச் சாவடியைத் தாண்டியவர்கள் ஒரே தீவுக்குள் அரை மணி நேர எல்லையையும் தாண்டினார்கள்.

ஒரு கடிகாரம் முந்துவதோ பிந்துவதோ தனியாக யாரையும் கொல்வதில்லை. ஒரே பாதையில் வருகிற இருவர் ஆளுக்கொரு நேரத்தை நம்புவதுதான் கொல்கிறது. பொது நேரம் என்பது அந்த ஆபத்தைத் தடுக்க நாம் செய்துகொண்ட உடன்பாடு. அதைக் காப்பது அவசியம். அதற்காக நம் ஊர்ப் பொழுதை மறந்துவிட வேண்டியதில்லை. பாலக்கோட்டுப் பள்ளிகள் மைதானத்தில் ஒரு கம்பை நேராக நட்டு, நிழல் மிகக் குறுகும் நேரத்தைப் பிள்ளைகளைக் குறிக்கச் சொல்லலாம். ஏப்ரல் நடுவில் 12.18. பிப்ரவரி நடுவில் 12.30-ஐத் தாண்டும். நவம்பர் தொடக்கத்தில் 12 மணியை ஒட்டி வந்துவிடும். பூமியின் அச்சு சாய்ந்திருப்பதாலும், சூரியனை அது நீள்வட்டத்தில் சுற்றுவதாலும் வரும் வேறுபாடு இது. நுங்கம்பாக்கத்து அறிஞர்கள் செய்த கணக்கின் முதல் படியை நம் பிள்ளைகள் தங்கள் மண்ணிலேயே செய்துவிடலாம். ஆசிரியர்கள் இந்த ஆண்டே தொடங்க வேண்டும்.

அடுத்த வாரம்: 1791-இல் கம்பெனிப் படையிடம் விழுந்த ராயக்கோட்டை.

(தொடரும்)