மண்டலித்து மீண்ட ஒளி

ஒளியைப் பாடாத புலவர் இலர். அவ்வொளியின் இயல்பொன்றை நுணுகி ஆராய்ந்து, தம் கண்டுபிடிப்பின் பெருமையை உலகம் உணருமுன்னரே மறைந்தார் தமிழ்க் குடும்பத்து இளைஞர் ஒருவர். அவ்வாய்வு நிகழ்ந்த இடம், நம் ஜூஜுவாடி எல்லையிலிருந்து சுமார் 40 கி.மீ. தொலைவிலுள்ள பெங்களூர் இராமன் ஆய்வு நிறுவனம். அவர் எஸ். பஞ்சரத்னம், சர் சி. வி. இராமனின் தங்கை மகன். 1934-இல் கல்கத்தாவில் பிறந்தவர்.

ஒளியலை, தான் செல்லும் திசைக்குக் குறுக்கே அதிர்வது. கதிரவனொளியில் அவ்வதிர்வு எப்பக்கமும் கலந்திருக்கும். அது ஓர் ஒழுங்குக்குள் அமைவதே தளவிளைவு. 1808-இல் பிரெஞ்சு அறிஞர் மாலுஸ், பாரிசு நகரத்து லக்சம்பர்க் அரண்மனைச் சாளரத்தில் பட்டு மீண்ட மாலைக்கதிரைக் கால்சைட் படிகத்தின் வழியே நோக்கினார். படிகத்தைச் சுழற்றச் சுழற்ற, இரட்டைப் பிம்பங்கள் மாறிமாறி மங்கின. ஒளியைத் துகளெனக் கொண்ட அவர், காந்தத்திற்குப் போல அத்துகளுக்கும் முனைகள் உண்டெனக் கருதியே பெயரிட்டார். தமிழில் வழங்கும் 'முனைவாக்கம்' அக்கருத்தின் சாயல். 'தளவிளைவு' என்னும் சொல்லோ முனையை விடுத்து, அதிர்வின் தளத்தைச் சுட்டுகிறது. ஆயினும் அதிர்வு ஒரு தளத்தில் மட்டும் அமைவதன்று. வட்டமாகவும் நீள்வட்டமாகவும் சுழல்வதுண்டு. இந்நிலைகள் அனைத்தையும் ஒரு கோளத்தின்மேல் புள்ளிகளாகக் குறித்துக் காட்டியவர் புவான்கரே.

ஒளியை உட்கவரும் படிகங்களை ஆராய்ந்துவந்த பஞ்சரத்னம், 1956-இல், தம் 22ஆம் அகவையில், எளிய வினா ஒன்றை எழுப்பினார்: வெவ்வேறு நிலையில் அதிரும் இரு கதிர்கள் எப்போது ஒத்திசைந்தன எனலாம்? இரண்டும் கூடும்போது ஒளி மிகப் பெரிதாகுமாயின் அவை ஒத்தவை என்றார். இதன் விளைவு வியப்பானது. முதலாவது இரண்டாவதோடு ஒக்கும். இரண்டாவது மூன்றாவதோடு ஒக்கும். ஆனால் மூன்றாவது முதலாவதோடு பெரும்பாலும் ஒவ்வாது. அவ்வேறுபாட்டின் அளவு, ஓரலகு ஆரமுள்ள கோளத்தில் அம்மூன்று புள்ளிகள் அமைக்கும் முக்கோணப் பரப்பில் சரிபாதி.

அந்தாதி மண்டலிக்கும்போது முதற்சொல்லே மீள வரும். எனினும் நூறு பாடல்களைக் கடந்துவந்த அச்சொல்லின் கனம் வேறு. ஒளியும் அவ்வாறே. பல நிலைகளைச் சுற்றித் தொடங்கிய நிலைக்கே மீண்டாலும், வந்த வழியின் சுவட்டைத் தன் அலையில் தாங்கி மீள்கிறது.

இந்திய அறிவியல் கழக இதழில் வெளிவந்த அக்கட்டுரை முப்பதாண்டுகள் பெரிதும் கவனிக்கப்படாது கிடந்தது. பஞ்சரத்னம் 1969-இல் ஆக்சுபோர்டில், 35ஆம் அகவையில் மறைந்தார். 1984-இல் பிரிஸ்டல் அறிஞர் மைக்கேல் பெரி, குவாண்டம் இயலில் இத்தகைய சுவடு பொதுவாக உண்டென நிறுவினார். பஞ்சரத்னத்தின் தமையனார் எஸ். இராமசேசனும் இராஜாராம் நித்யானந்தாவும் 1986-இல் பழைய கட்டுரையை எடுத்துக்காட்டினர். மறு ஆண்டே பெரி அதன் முன்னோடித் தன்மையைப் பாராட்டி எழுதினார். இன்று அது பஞ்சரத்னம்–பெரி கட்டம் என இருவர் பெயராலும் வழங்குகிறது. மெல்லிய தட்டை வில்லைகள் அக்கோட்பாட்டால் செய்யப்படுகின்றன.

அவர் பெயர் உலக நூல்களில் நிலைபெற்றுவிட்டது. அவர் ஆராய்ந்த இயல்புக்கோ, வட்டத்தையும் நீள்வட்டத்தையும் தளத்தோடு ஒருங்கே தழுவும் தமிழ்ச்சொல் இன்னும் வேண்டியுள்ளது. சொல்லாக்கம் அறிஞர்க்கு மட்டும் உரியதன்று. ஓசையும் பொருளும் அறிந்த கவிஞர்க்கும் உரியது. நம் மன்றத்தார் அதற்கு முயல்வாராக.