ப்ளேஸ்டேஷனும் மூன்றாகப் பிரிந்த உலகமும்



போன வாரம் ஒரு மாணவர் கேட்டார்: "சேர், பழைய ப்ளேஸ்டேஷன் கேமை கொம்பியூட்டரில் விளையாட பயாஸ் ஃபைல் வேணுமாம். ஜப்பான், அமெரிக்கா, ஐரோப்பா என்று மூன்று இருக்கு. நமக்கு எது?"

சின்னக் கேள்விதான். ஆனால் பதில் நம்ம வீட்டு டிவியில் இருந்து தொடங்குகிறது.

1982இல் ஜப்பானின் உதவியோடு ரூபவாஹினி வந்தது. ஆனால் ஜப்பான் பயன்படுத்தியது என்டிஎஸ்சி முறை. திரை நொடிக்கு 60 தடவை புதுப்பிக்கப்படும். நமக்குக் கிடைத்தது ஐரோப்பாவின் பால் முறை, 50 தடவை.

ப்ளேஸ்டேஷன் 1994 டிசம்பரில் ஜப்பானிலும், 1995 செப்டம்பரில் அமெரிக்காவிலும் ஐரோப்பாவிலும் வெளியானது. டிவி முறையையும் சந்தையையும் பார்த்து சோனி உலகத்தைப் பிரித்தது. முதல் மொடல்களின் இலக்கம் ஜப்பானுக்கு 1000, அமெரிக்காவுக்கு 1001, ஐரோப்பாவுக்கு 1002. உள்ளே 512 கிலோபைட் அளவான ஒரு சிப். இயந்திரத்தை எழுப்பும் முதல் புரோகிராம் அதில்தான் இருக்கிறது. அதுதான் பயாஸ்.

அசல் டிஸ்கில் அது எந்தப் பிராந்தியத்துக்கு உரியது என்ற மறைவான அடையாளமும் உண்டு. கொப்பி சிடியில் அது வராது. மணித்தியாலத்துக்குக் காசு கொடுத்து நாங்கள் விளையாடிய கடைகளில் இயந்திரத்துக்குள் ஒரு குட்டி சிப்பை ஒட்டியிருந்தது, அந்த அடையாளத்தைப் பொய்யாகக் காட்டத்தான். 50க்கு ஏற்ப மாற்றியமைக்காத ஐரோப்பியப் பதிப்புகள் ஆறில் ஒரு பங்கு மெதுவாக ஓடின. எங்களுக்கு அதுதான் சரியான வேகம்!

2000இல் அமெரிக்க மேன்முறையீட்டு நீதிமன்றம் கொனெக்டிக்ஸ் வழக்கில், சோனியின் பயாஸை ஆராய்ந்து சொந்தமாக ஒன்றை எழுதுவது நியாயமான பயன்பாடு என்றது. ஆகவே எமுலேட்டர் செய்வது குற்றமல்ல. ஆனால் சோனியின் பயாஸை அப்படியே பிரதி எடுத்துப் பகிர அந்தத் தீர்ப்பு அனுமதி தரவில்லை. நேர்மையான வழி, சொந்த இயந்திரத்தின் சிப்பில் இருந்து எடுப்பதுதான்.

மாணவரிடம், "டிஸ்க் எந்தப் பிராந்தியமோ அந்த பயாஸ்" என்றேன். "எங்கே எடுப்பது சேர்?" என்றார். வாயடைத்துப் போனேன். எங்கள் வீட்டில் இருந்த 2இல் முடியும் மொடலை நானே பழைய இரும்புக்காரரிடம் கொடுத்துவிட்டேன்.

உங்கள் வீட்டு ஸ்டோர் ரூமில் ஒன்று கிடந்தால் எறிந்துவிடாதீர்கள். பின்பக்கத்து இலக்கத்தைப் பார்த்து கமெண்டில் சொல்லுங்கள். மஹய்யாவயில் இன்னும் எத்தனை மிச்சம் என்று பார்ப்போம்.