வைர நாட்டு ராஜாவும் எதுகை பேசாத வாத்தியாரும்

பகிடிக்கு ஒரு ராஜா வேணுமெண்டால் எங்கட தலைமுறைக்கு வடிவேலுதான். ‘இம்சை அரசன் 23ஆம் புலிகேசி’ (2006) வசனம் தெரியாத ஆள் ஊரில இருக்காது. ஆனால் அதற்கு 26 வருடம் முதல் வங்காளத்தில் இன்னொரு கோமாளி ராஜா திரைக்கு வந்தார். படம் ‘ஹீரக் ராஜார் தேசே’, அதாவது ‘வைர ராஜாவின் நாட்டில்’. எடுத்தவர் சத்யஜித் ரே. வெளிவந்தது 1980 டிசம்பர்.

பார்த்தால் சின்னப்பிள்ளையளின் படம். பாட்டால் ஆக்களை அசையாமல் நிற்க வைக்கும் கூபி, மேளக்காரன் பாகா, ஒரு விஞ்ஞானி, ஒரு மூளைச்சலவை இயந்திரம். ராஜா வைரச் சுரங்கத்தில் சனத்தைப் பிழிகிறார். வரி கட்ட ஏலாத கமக்காரனையும், கூலி கேட்கும் தொழிலாளியையும் இயந்திரத்துக்குள் தள்ளுகிறார். வெளியே வரும்போது அவர்கள் ராஜாவைப் புகழும் ஈரடிச் செய்யுளை ஒப்புவிக்கிறார்கள். பள்ளிக்கூடம் பூட்டப்படுகிறது. புத்தகங்கள் எரிகின்றன. விழாவுக்கு விருந்தாளிகள் வரும் நாளில் ஏழைகளைக் கண்ணில் படாமல் அப்புறப்படுத்துகிறார்கள்.

இதெல்லாம் கற்பனை இல்லை. 1975 ஜூன் 25 முதல் 1977 மார்ச் 21 வரை இந்தியாவில் இந்திரா காந்தியின் நெருக்கடி நிலை இருந்தது. பத்திரிகைகளுக்குத் தணிக்கை, எதிர்க்கட்சியினருக்குச் சிறை. 1976இல் டில்லி துர்க்மான் கேற்றில் நகரை அழகுபடுத்துகிறோம் எண்டு வீடுகளை இடித்தார்கள். எதிர்த்தவர்கள் மீது துப்பாக்கிச் சூடு.

அதே காலத்தில் அம்ரித் நாஹடா ‘கிஸ்ஸா குர்சி கா’ எண்ட அரசியல் நக்கல் படத்தை எடுத்திருந்தார். சமகாலத்தை நேரடியாகவே கிண்டலடித்த படம். அரசு அதைப் பறித்தது, பிரதிகள் எரிக்கப்பட்டன. அவர் பிறகு அதைத் திரும்ப எடுக்க வேண்டி வந்தது.

ரேயின் படத்தை ஒருவரும் எரிக்கவில்லை. இத்தனைக்கும் அது வந்த ஆண்டு இந்திரா மீண்டும் பிரதமரான ஆண்டு. மாறாக, தேசிய விருதுகள் கிடைத்தன. ராஜா காலத்து உடுப்புத்தான் காப்பாற்றியது எண்டு சொல்லலாம். ஆனால் இன்னொரு விசயமும் இருக்கு: படத்துக்குக் காசு போட்டது மேற்கு வங்க அரசு. அங்கே அப்போது இடதுசாரி ஆட்சி. டில்லியை நக்கலடிக்கக் கல்கத்தாவின் காசு. காசு தந்தவரையும் அப்படிச் சிரிக்க ஏலுமோ எண்ட கேள்வியை நாம் கேட்கத்தான் வேணும். ராஜாவாக நடித்த உத்பல் தத் 1965இல் விசாரணையில்லாமல் மாதக்கணக்கில் சிறையில் இருந்தவர் என்பதையும் சேர்த்துப் பாருங்கள்.

படத்தின் உண்மையான கெட்டித்தனம் வசனத்தில் இருக்கு. ஏறக்குறைய எல்லாரும் எதுகை மோனையோடு பேசுவார்கள். உதயன் பண்டிதர் எண்ட வாத்தியார் (சௌமித்ர சாட்டர்ஜி) மட்டும் சாதாரண உரைநடையில் பேசுவார். மற்றவர்களின் வாய்க்குள் ஏற்கெனவே யாரோ சந்தத்தைப் போட்டுவிட்டார்கள். அவருக்கு மட்டும் அடுத்த சொல் என்னவெண்டு முன்கூட்டியே தெரியாது. ஏனெண்டால் அவர் யோசித்துப் பேசுகிறார். நாங்களும் கோசங்களைக் கேட்டு வளர்ந்த ஆக்கள், இது விளங்கும்.

முடிவையும் ஒப்பிடுங்கள். புலிகேசி கதையில் கெட்ட ராஜாவின் இடத்துக்கு நல்ல இரட்டைச் சகோதரன் வருகிறான். சிம்மாசனம் அப்படியே இருக்கும். ரேயின் படத்தில் ராஜாவையே இயந்திரத்துக்குள் தள்ளுகிறார்கள். பிறகு அவரும் சனத்தோடு சேர்ந்து கயிற்றைப் பிடித்துத் தன் சிலையையே இழுத்து விழுத்துகிறார். பார்க்கேக்க விழுந்து விழுந்து சிரித்தேன்.

சிரிப்பு நின்ற இடம் ஒண்டு உண்டு, புத்தகம் எரியும் காட்சி. படம் வந்து ஆறு மாதம் ஆகுமுன், 1981 மே 31 இரவு, உரும்பிராயில இருந்து சில மைல் தள்ளி யாழ். நூலகம் எரிந்தது. சுமார் 97,000 நூல்கள். அங்கே கூபியும் வரவில்லை, பாகாவும் வரவில்லை.

எண்டாலும் படத்தைப் பாருங்கள். பார்த்து முடிய, உங்கட வாயில தானாக வரும் வசனங்களில் எது உங்கட சொந்தம் எண்டு ஒருக்கா எண்ணிப் பாருங்கோ.